தவணையைக் கவனிக்கும் அலுவலகம்: யாழ்ப்பாணத்தில் ஒரு குடும்ப வழக்குச் சேவை பற்றிய மதிப்பீடு

யாழ்ப்பாணத்தில் ஒரு சட்டத்தரணியைப் பற்றி யாரிடமாவது விசாரித்தால், அவர் மன்றில் எப்படி வாதாடுவார், எதிர்த்தரப்பு சாட்சியை எப்படி மடக்குவார் என்பதைத்தான் முதலில் சொல்வார்கள். விவாகரத்து, தாபரிப்பு (பராமரிப்புப் பணம்), பிள்ளைகளின் பாதுகாவல் ஆகிய வழக்குகளுக்கு அலுவலகம் தேடுகின்ற ஒருவருக்கு இந்தத் தகவலால் பெரிய பயன் இல்லை என்பது என் கருத்து. வாதம் தொடங்குமுன்னரே, பெயர் கூப்பிடும் நேரத்தில் ஆள் இல்லை என்ற ஒரே காரணத்தால் தள்ளுபடியாகிப் போகும் வழக்கில் வாதத் திறமைக்கு வேலையே இல்லை. ஆகவே ஓர் அலுவலகத்தின் படியேறும்போது கேட்கவேண்டிய முதற் கேள்வி, அங்கே தவணையை, அதாவது வழக்கு மன்றில் எடுக்கப்படும் நாளை, யார் குறிக்கிறார்கள், எதில் குறிக்கிறார்கள், கட்சிக்காரருக்கு அதை எப்போது, எந்த வழியில் அறிவிக்கிறார்கள் என்பதாகவே இருக்கவேண்டும். என் தங்கையின் வழக்கைக் கையேற்று நடத்திவரும் நகரத்து அலுவலகம் ஒன்றை நான் இங்கே மதிப்பிடுவதும் அந்த அளவுகோலை வைத்துத்தான்.

அலுவலகத்தின் பெயரை எழுதவில்லை. சட்டத்தரணிகள் தம் தொழிலை விளம்பரப்படுத்துவதை அவர்களுடைய ஒழுக்க விதிகள் தடைசெய்கின்றன. புகழ்ந்து எழுதப்படும் மதிப்புரை ஒன்று விளம்பரமாக எடுத்துக்கொள்ளப்பட்டு அவர்களுக்கே தொல்லையாக முடியக்கூடாது. வழக்கும் இன்னும் முடியவில்லை. முன்னர் வழக்கை வைத்திருந்த அலுவலகத்தின் பெயரையும் அதே காரணங்களுக்காக விட்டுவிடுகிறேன்.

முதலில் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் இந்த அலுவலகத்தின் தரம் அதன் பின்னணியில்தான் விளங்கும். தங்கை மாவட்ட நீதிமன்றத்தில் விவாகரத்து வழக்கின் வழக்காளி, கணவர் எதிராளி. அவர் சட்டத்தரணி மூலம் மன்றில் தோற்றி (முன்னிலையாகி) மறுமொழி தாக்கல்செய்திருந்தார். வழக்கு விளக்கத்துக்கு, அதாவது சாட்சிகளைக் கேட்டு வழக்கை விசாரிப்பதற்கு, நியமிக்கப்பட்டிருந்த நாளுக்கு முதல்நாள் மாலை, அப்போதைய அலுவலகத்திலிருந்து அவளுக்கு வந்த வட்ஸ்அப் தகவல், நாளைக்கு வழக்கு வெறுமனே கூப்பிடப்படும், நீங்கள் வரத் தேவையில்லை என்பதாகும். அவள் வேலைக்குப் போனாள். அதே நாள் மன்றில் எதிராளியின் தரப்பு ஆயத்தமாக நின்றது, எங்கள் தரப்பில் எழுந்த இளம் சட்டத்தரணி தமக்கு அறிவுறுத்தல் இல்லை என்று கூறினார், வழக்கு தள்ளுபடியானது. இந்தச் செய்தி அவளுக்கு அந்த அலுவலகத்திலிருந்து வரவில்லை. அடுத்த தவணை எப்போது என்று கேட்டபோதெல்லாம் 'அடுத்த மாதம் சொல்லுறம்' என்பதே பதிலாக இருந்தது. நீதிமன்றப் பதிவகத்தில் நேரே விசாரித்த பின்னர்தான் உண்மை தெரிந்தது.

இந்தக் கட்டத்தில் சட்டம் என்ன சொல்கிறது என்பதைப் புரியும் தமிழில் விளக்கியவர்கள் புதிய அலுவலகத்தார்தான். முதற் சந்திப்பிலேயே விளக்கினார்கள் என்பதை அவர்களின் கணக்கில் முதற் புள்ளியாக எழுதலாம். குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 87ஆம் பிரிவின்படி, விளக்கத்துக்கு நியமிக்கப்பட்ட நாளில் வழக்காளி தோற்றாவிட்டாலும், இரு தரப்பாருமே தோற்றாவிட்டாலும், நீதிமன்றம் வழக்கைத் தள்ளுபடி செய்யவேண்டும். அது நீதிபதியின் கோபத்தால் விளைவதல்ல. சட்டம் இடும் கடமை. அத்தோடு நிற்காமல், அவ்வாறு தள்ளுபடியான வழக்கின் அதே வழக்கு மூலத்தின் (வழக்குக்கு அடிப்படையான காரணத்தின்) மீது புதிய வழக்குத் தொடுக்க முடியாது என்று அப்பிரிவு கதவையும் சாத்துகிறது. 'போனால் போகட்டும், புதுசாப் போடலாம்' என்று ஊரில் சொல்லப்படும் ஆறுதல் விவாகரத்து வழக்கைப் பொறுத்தவரை ஆபத்தானது. திறந்திருக்கும் வழி ஒன்றுதான்: தள்ளுபடியான நாளிலிருந்து நியாயமான காலத்துக்குள், சத்தியக் கடதாசியுடன் (சத்தியம் செய்து கையொப்பமிடும் எழுத்து வாக்குமூலத்துடன்) கூடிய மனு ஒன்றைத் தாக்கல்செய்து, தோற்றாமைக்கு நியாயமான காரணம் இருந்தது என்று நீதிமன்றத்தைத் திருப்திப்படுத்தி, அந்தத் தள்ளுபடியை நீக்குவித்தல்.

நியாயமான காலம் என்றால் எத்தனை நாள் என்று சட்டம் எண்ணிக்கை சொல்லவில்லை. எதிராளிக்கு நிலைமை வேறு. அவர் தோற்றாததால் ஒருதலைப்பட்ச விளக்கம் நடந்து தீர்ப்பாணை வந்தால், அந்தத் தீர்ப்பாணை அவருக்குச் சேர்ப்பிக்கப்பட்டதிலிருந்து 14 நாட்களுக்குள் 86ஆம் பிரிவின் கீழ் விண்ணப்பித்து, தம் தவறுகைக்கு நியாயமான காரணம் இருந்தது என்று காட்டவேண்டும். வழக்காளிக்கு எண்ணிக்கை இல்லை என்பது அவருக்கு நாள் தாராளமாக இருக்கிறது என்று பொருள்படாது. கழிந்த ஒவ்வொரு வாரத்துக்கும் அவர் விளக்கம் சொல்லவேண்டி வரும். இதைச் சொன்ன சட்டத்தரணி அதே மூச்சில், மனுவை எப்போது ஆயத்தப்படுத்துவது என்று எழுதுவினைஞரிடம் திரும்பிக் கேட்டார். முன்னைய அலுவலகத்தில் மாதக்கணக்கில் இழுபட்ட எங்களுக்கு அந்தக் கேள்வியே பெரிய மாற்றமாக இருந்தது.

ஆனால் மனுவுக்கு முன்னால் அவர்கள் செய்த வேலை வேறொன்று. ஆலோசனை கேட்க நாங்கள் ஏறி இறங்கிய மற்றைய இடங்களில் எவரும் இதைத் தொட்டுப் பேசவில்லை. குடியியல் வழக்கில் கட்சிக்காரர் கையொப்பமிட்டுக் கொடுக்கும் நியமனப் பத்திரம், அதாவது நாம் எல்லோரும் புறொக்சி என்று சொல்வது, கோவையில் இருக்கும்வரை அவருக்காகப் பத்திரம் தாக்கல்செய்யும் உரிமை அதில் பெயர் குறிக்கப்பட்ட சட்டத்தரணிக்கே உண்டு. பழைய புறொக்சியை நீதிமன்றத்தின் அனுமதியுடன் முறைப்படி இரத்துச் செய்யாமல் புதியவர் ஒருவர் மனுவைத் தாக்கல்செய்தால், எதிர்த்தரப்பு முதல் நாளே எழுந்து, இந்த மனுவைப் போட இவருக்கு அதிகாரம் இல்லை என்று ஆட்சேபிக்கும்; காரணம் எவ்வளவு நியாயமாக இருந்தாலும் மனு அந்த வாசலிலேயே விழுந்துவிடலாம். இந்த அலுவலகம் முதல் வேலையாகப் பழைய சட்டத்தரணிக்கு அறிவித்தல் அனுப்பி, இரத்துப் பத்திரத்தை ஆயத்தப்படுத்தி, அது ஏற்றுக்கொள்ளப்பட்ட பின்னரே தமது புறொக்சியைத் தாக்கல்செய்தது. பழையவரைப் பகைத்துக்கொள்ள எங்களுக்குச் சங்கடமாக இருந்தது. சிறிய ஊர், நாளைக்கும் முகம் பார்க்கவேண்டும். 'அது தொழில் முறை, அவர் தப்பா எடுக்கமாட்டார்' என்று சொல்லி அந்தச் சங்கடத்தையும் இவர்களே பொறுப்பெடுத்தார்கள்.

அடுத்ததாக வழக்குக் கோவையின் உறுதிப்படுத்தப்பட்ட பிரதிக்கு விண்ணப்பித்தார்கள். தள்ளுபடி நாளின் வழக்கேட்டுக் குறிப்பில் என்ன எழுதப்பட்டிருக்கிறது, யார் தோற்றியதாகப் பதிவாகியிருக்கிறது, அதற்கு முந்திய தவணையில் அந்த நாள் எதற்காக நியமிக்கப்பட்டது என்பவற்றைப் பார்க்காமல் சத்தியக் கடதாசியில் ஒரு வரிகூட எழுத மறுத்தார்கள். கட்சிக்காரரின் நினைவும் நீதிமன்றத்தின் ஏடும் முரண்பட்டால் நிலைப்பது ஏடுதான் என்பது இதற்கு அவர்கள் தந்த காரணம்.

சத்தியக் கடதாசி எழுதிய பிற்பகலை நான் விரிவாகச் சொல்லவேண்டும். அம்மாவும் எங்களுடன் வந்திருந்தார். சட்டத்தரணி தங்கையிடம் ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டிருக்க, அம்மா பொறுக்கமாட்டாமல், 'அண்டைக்குக் காய்ச்சல் எண்டு எழுதினால் என்ன தம்பி? தெரிஞ்ச டொக்ரர் ஒராள் இருக்கிறார், துண்டு எடுக்கலாம்' என்றார். சட்டத்தரணி பேனாவை மேசையில் வைத்துவிட்டு அம்மாவின் பக்கம் திரும்பினார். 'அம்மா, துண்டு குடுத்தால் அந்த டொக்ரரைக் கூண்டில ஏத்துவினம். இவ அண்டைக்கு வேலைக்குப் போனதுக்குக் கையெழுத்து இருக்கு. பிறகு உண்மையான காரணத்தையும் ஒருத்தரும் நம்பமாட்டினம்' என்றார். அம்மா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பேசாமல் இருந்துவிட்டார். இறுதியில் சத்தியக் கடதாசி மூன்று பக்கத்துக்குள் அடங்கியது. வரத் தேவையில்லை என்ற தகவலின் படப்பிரதி, அது வந்த நேரம் தெரியும்படி, ஆவணமாக இணைக்கப்பட்டது. கணவரைப் பற்றிய குறைகள் எவையும் அதில் இல்லை; தங்கை சொல்ல விரும்பிய பலவற்றை, 'இது வழக்குக்குரியது, மனுவுக்குரியதல்ல' என்று ஒதுக்கிவைத்தார்கள்.

இந்தக் கட்டுப்பாடு எவ்வளவு பெறுமதியானது என்பது மனு மீதான விசாரணையில் தெரிந்தது. தோற்றாமைக்குக் காரணம் சட்டத்தரணியின் தரப்பில் இருக்கும்போது நம் மேல்நிலை நீதிமன்றங்கள் ஒரு வேறுபாட்டை வற்புறுத்தி வந்திருக்கின்றன: நாளைத் தவறாகக் குறித்தல் போன்ற நேர்மையான தவறு மன்னிக்கப்படலாம், அசட்டை மன்னிக்கப்படாது, சட்டத்தரணியின் அசட்டையின் விளைவைக் கட்சிக்காரரும் சுமக்கவேண்டி வரலாம். கேட்பதற்குக் கொடுமையான விதி. எதிர்த்தரப்புச் சட்டத்தரணி பிடித்ததும் இதைத்தான். இது உங்கள் வழக்கு, உங்கள் வாழ்க்கை, ஒருமுறையாவது பதிவகத்தில் கேட்டுப் பார்த்தீர்களா என்று தங்கையைக் குறுக்குவிசாரணை செய்தார். தகவல் கிடைத்தது, நம்பினேன், விட்டுவிட்டுக் கேட்டேன், பிறகு பதிவகத்துக்கு நானே போனேன் என்ற நேரடிப் பதில்களைத் தவிர அவளிடம் வேறொன்றும் இருக்கவில்லை. வேறொன்றும் தேவைப்படவும் இல்லை. நீதிமன்றம் தள்ளுபடியை நீக்கி, எதிராளிக்குச் செலவுத்தொகை ஒன்றைச் செலுத்தும் நிபந்தனையுடன் வழக்கை மீண்டும் எடுத்துக்கொண்டது. மறுத்திருந்தால் மேன்முறையீடு செய்யும் உரிமை 88ஆம் பிரிவின் கீழ் இருந்தது என்பதையும், யாழ்ப்பாணத்திலேயே குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம் இருப்பதால் கொழும்புக்கு ஓடவேண்டியதில்லை என்பதையும் முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தார்கள். செலவுத்தொகையை அடுத்த தவணைக்கு முன் கட்டச்சொல்லி விடாமல் தொலைபேசி எடுத்தவரும் அந்த அலுவலகத்தின் எழுதுவினைஞர்தான்.

இந்தப் பெண் எழுதுவினைஞரைப் பற்றி ஒரு பந்தி எழுதாமல் மதிப்பீடு முழுமையாகாது. ஐம்பது வயதைத் தாண்டியவர். மேசையில் கணினி இருக்கிறது. ஆனால் தவணைகள் இருப்பது தடித்த சீ.ஆர். கொப்பி ஒன்றில். ஒவ்வொரு பக்கத்திலும் திகதி. அதன் கீழே நீதிமன்றம், வழக்கிலக்கம், கட்சிக்காரரின் பெயர், அந்த நாளில் நடக்கவேண்டிய காரியம். காரியத்தைக் குறிக்க அவர் மை நிறத்தை மாற்றுகிறார்: விளக்கமும் விசாரணையும் சிவப்பு, மற்றவை நீலம். சிவப்பில் எழுதப்பட்ட எதற்கும் கட்சிக்காரர் நேரில் வந்தேயாகவேண்டும் என்பது அங்கே எழுதாத சட்டம். நீதிமன்றத்திலிருந்து சட்டத்தரணிகள் திரும்பி வந்து மேலங்கியைக் கழற்றுமுன் அவர் கொப்பியுடன் எதிரே நிற்கிறார். அன்று கூப்பிடப்பட்ட எல்லா வழக்குகளுக்கும் புதிய திகதியைச் சொல்லி முடித்த பின்னரே அவர்களுக்குத் தேத்தண்ணி வருகிறது. அன்று மாலைக்குள் கட்சிக்காரருக்குத் தகவல் போய்விடும். தவணைக்குச் சில நாட்கள் முன்னதாக மீண்டும் ஓர் அழைப்பு வரும், அதிலும் தகவலைச் சொல்லிவிட்டு வைத்துவிடமாட்டார். 'பிள்ளை, இப்ப நான் சொன்னதைத் திருப்பி ஒருக்காச் சொல்லும்' என்பார். தங்கை ஒருமுறை திகதியைச் சரியாகவும் நீதிமன்றத்தைத் தவறாகவும் சொல்ல, முழுவதையும் முதலிலிருந்து ஒப்புவிக்கச் செய்தார்.

நீதிமன்றம் மாறிப்போவது நம் பக்கத்தில் நடக்கக்கூடிய காரியம்தான். குடாநாட்டுக்குள் யாழ்ப்பாணம், மல்லாகம், சாவகச்சேரி, பருத்தித்துறை, ஊர்காவற்றுறை என்று நீதிமன்றங்கள் பரந்திருக்கின்றன. ஒரே குடும்பத்தின் பிணக்கு இரண்டு மன்றங்களில் நடப்பது சாதாரணம்: விவாகரத்து மாவட்ட நீதிமன்றத்தில், தாபரிப்பு நீதவான் நீதிமன்றத்தில். தங்கைக்கும் அப்படித்தான். 1999ஆம் ஆண்டின் 37ஆம் இலக்கப் பராமரிப்புச் சட்டத்தின் கீழ் பிள்ளைகளுக்கான விண்ணப்பம் நீதவான் நீதிமன்றத்தில் தனியாக ஓடுகிறது. போதிய வருமானம் உள்ள கணவனோ மனைவியோ, தன்னைத் தானே பராமரிக்க இயலாத மற்றவரைப் பராமரிக்கவேண்டும் என்று இருபாலாருக்கும் பொதுவாக விதிப்பதும், 18 வயதைக் கடந்து 25 வயதை அடையாத பிள்ளைக்கும் வழிவைப்பதும் அந்தச் சட்டத்தின் சிறப்புகள். 'அவனுக்கு 18 முடிஞ்சுது, இனி ஒண்டும் கிடையாது' என்று நம்பிக்கொண்டிருக்கும் தாய்மார் இன்னும் இருக்கிறார்கள்.

தாபரிப்பு விண்ணப்பம் ஆள் வராமையால் தள்ளுபடியானால் நிலைமை விவாகரத்து வழக்கைப் போல் இறுக்கமானதல்ல. பிள்ளையின் தேவை மாதந்தோறும் எழுவது. பொதுவாகப் புதிய விண்ணப்பம் ஒன்றைச் செய்யலாம். ஆனால் மீண்டும் அழைப்பாணை, மீண்டும் முகவரி தேடுதல், முகவரியில் ஆள் இல்லை என்ற மீளறிக்கை, மீண்டும் ஒரு தவணை என்று மாதங்கள் கரையும். அவ்வளவு காலமும் பால்மா வாங்குவது தாய்தான். அதனால் இந்த அலுவலகம் தாபரிப்புத் தவணை எல்லாவற்றையும் சிவப்பு மையிலேயே எழுதுகிறது. கட்டளை கிடைத்த பின்னரும் அப்படித்தான்: காசு கட்டாதவருக்கு எதிராக நிலுவை எத்தனை மாதம் என்று மன்றில் சொல்ல ஆள் நின்றால்தான் பிடியாணைவரை காரியம் நகரும்.

தீவுப்பகுதிக் கட்சிக்காரர்களை இவர்கள் நடத்தும் முறையைக் காத்திருப்பு அறையில் இருந்தபடி கவனித்தேன். நெடுந்தீவிலிருந்து ஊர்காவற்றுறை நீதிமன்றத்துக்கு வரும் ஒரு பெண், கடலைக் கடந்து குறிகட்டுவானில் இறங்கி, பேருந்தைப் பிடித்துப் புங்குடுதீவு, வேலணை வழியாக வந்துசேரவேண்டும். காற்றுக் காலத்தில் படகு ஓடாவிட்டால் அவர் என்ன செய்வார்? அப்படியான கட்சிக்காரருக்கு எழுதுவினைஞர் கொடுக்கும் அறிவுரை தெளிவானது: படகு ஓடவில்லை என்று தெரிந்த அந்த நிமிடமே அழைக்கவேண்டும். காலையிலேயே தெரிந்தால் சட்டத்தரணி மன்றில் அதைச் சொல்லி வேறு தவணை கேட்கலாம். மதியம் தெரிந்தால் தள்ளுபடியை நீக்க மனுப் போடவேண்டி வரும். தாமதமாக வந்துசேர்ந்தவருக்காக அன்றைக்கே நகர்த்தல் பத்திரம் (மன்றிடம் ஒன்றைக் கோரும் எழுத்து விண்ணப்பம்) ஒன்றைக் கொடுத்து, மன்று கலையுமுன் வழக்கை மீண்டும் கூப்பிடச் செய்யக் கேட்பதும் உண்டு. நீதிபதி இணங்கவேண்டும் என்ற கட்டாயம் இல்லை; ஆனால் கேட்பதற்கு மன்றில் ஒருவர் இருக்கவேண்டும்.

வளாகத்துக்குள் வந்துவிட்டதால் மட்டும் தோற்றியதாகிவிடாது என்பதையும் இங்கே வலியுறுத்துகிறார்கள். பெயர் கூப்பிடப்படும் குரல் விறாந்தைவரை எப்போதும் எட்டுவதில்லை. சனம் நெருக்கியடிக்கும் காலைவேளையில், கைக்குழந்தையுடன் வெளியே மரநிழலில் நிற்கும் தாய்க்குத் தன் பெயர் கேட்காமல் போவதில் வியப்பில்லை. இளம் சட்டத்தரணிகளில் ஒருவர் பெயர் கூப்பிடுமுன் வெளியே வந்து கட்சிக்காரர்களைத் தேடி உள்ளே அழைத்துப்போகிறார். சட்டத்தரணிகள் பணிப்பகிஷ்கரிப்புச் செய்யும் நாட்களிலும் கட்சிக்காரரை வரச்சொல்கிறார்கள். வழக்குப் பெரும்பாலும் தள்ளிவைக்கப்படும், ஆயினும் புதிய திகதியைத் தன் காதால் கேட்டுப்போகும் ஒருவருக்கு நேரும் குழப்பம் குறைவு.

எதிராளிகளுக்கும் இங்கே வேலை செய்கிறார்கள். வெளிநாட்டில் இருக்கும் கணவனோ மனைவியோ, இங்குள்ள உறவினர் ஒருவருக்கு அற்றோணித் தத்துவம் (தமக்காகச் செயற்படும் அதிகாரப் பத்திரம்) கொடுத்து அனுப்பும் வழக்குகள் அவர்களிடம் நிறைய. இலங்கையின் பொதுச் சட்டத்தில் இருவரும் சம்மதித்தோம் என்பது மட்டும் விவாகரத்துக்குக் காரணமாகாது. பிறர்மனை சேர்தல், வன்மமாகக் கைவிட்டுச் செல்லுதல், திருமண வேளையிலேயே இருந்த தீராத ஆண்மையின்மை ஆகியவற்றில் ஒன்றை நிரூபிக்கவேண்டும். ஆகவே பிரிவதற்கு இருவரும் மனத்தால் உடன்பட்ட இடங்களில், ஒருவர் கைவிட்டுச் சென்றதாக வழக்குப் போட, மற்றவர் வேண்டுமென்றே தோற்றாமல் விடுவது ஊரறிந்த வழி. அந்த எதிராளியை இவர்கள் எச்சரிக்கும் விதம் எனக்குப் பிடித்தது. தோற்றாமல் இருப்பது இலவசமானதல்ல, வழக்கில் வேறு என்னென்ன நிவாரணம் கேட்கப்பட்டிருக்கிறது, பிள்ளைகளின் பாதுகாவலா, நிரந்தரத் தாபரிப்பா, சீதனக் காணியா என்பதைப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள் என்கிறார்கள். தற்காலிகத் தீர்ப்பாணை மூன்று மாதத்தின் பின் முற்றானதாக்கப்படும் வரை திருமணம் முடிவுக்கு வருவதில்லை என்பதையும், அதற்குள் மறுமண மண்டபத்துக்கு முற்பணம் கட்டவேண்டாம் என்பதையும் சிரித்துக்கொண்டே சொல்கிறார்கள். கட்டியவர்கள் இருந்திருப்பார்கள் போலும்.

குறைகளுக்கு வருகிறேன். அவை சிறியவை அல்ல.

முதலாவது, அந்தரங்கம் இல்லை. மேல்மாடியில் இருக்கும் அந்த இடத்தில் சட்டத்தரணியின் அறைக்கும் காத்திருப்புப் பகுதிக்கும் நடுவே ஒரு பலகைத் தடுப்பு மட்டுமே உண்டு. அதுவும் கூரையைத் தொடாது. கணவனின் தொடர்புகள் பற்றி ஒரு பெண் அழுதுகொண்டு சொல்வதை வெளியே பிளாஸ்ரிக் கதிரைகளில் இருக்கும் ஐந்து பேரும் கேட்கிறார்கள். அதில் ஒருவர் அவளுடைய ஊராராக இருந்தால் மறுநாள் கோயில் வீதியில் கதை நடக்கும். குடும்ப வழக்கையே பிரதான வேலையாகக் கொண்ட அலுவலகம் இதற்கு ஒரு வழி கண்டிருக்கவேண்டும். குறைந்தபட்சம் காற்றாடியைப் போல் இரைச்சலிடும் ஒன்றைத் தடுப்புக்கு அருகில் வைத்தாலும் போதும்.

இரண்டாவது, கட்டணம். ஒவ்வொரு தவணைக்கும் தனியாக அறவிடுவது இங்கேயும் உண்டு. வழக்கு ஒன்றும் நடக்காமல் தள்ளிவைக்கப்பட்ட நாளுக்கும் காசு கொடுக்கவேண்டும். தள்ளிவைப்புக்கு யார் காரணம் என்ற பேதம் பார்ப்பதில்லை. நீதிபதி விடுமுறையில் இருந்த நாளுக்குப் பாதியை விட்டுக்கொடுத்தார்கள், அதுவும் கேட்ட பிறகுதான். பற்றுச்சீட்டு மட்டும் கேட்காமலே தருகிறார்கள். கட்டவே முடியாத நிலையில் வருபவர்களை, 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தால் அமைக்கப்பட்ட சட்ட உதவி ஆணைக்குழுவின் யாழ்ப்பாண அலுவலகத்துக்கு நேரடியாக அனுப்பிவிடுகிறார்கள். வருமானத்தைப் பார்த்து இலவசமாக வழக்குப் பேசும் அமைப்பு அது. அங்கே கொண்டுபோகவேண்டிய பத்திரங்களை ஒரு துண்டில் எழுதியும் கொடுக்கிறார்கள். வாடிக்கை போகிறதே என்று பார்க்காத இந்தக் குணத்தைக் குறைகளின் நடுவிலும் சொல்லாமல் விடமுடியாது.

மூன்றாவது, மூத்த சட்டத்தரணியைப் பிடிப்பது கடினம். முதற் சந்திப்பிலும் சத்தியக் கடதாசி நாளிலும் விசாரணையன்றும் அவர் இருந்தார். இடையில் வந்த தவணைகளில் இளையவர்களே தோற்றினார்கள். அவர்கள் கோவையைப் படித்துவிட்டு வருகிறார்கள் என்பதால் அதில் பெரிய இழப்பு இல்லை. ஆனால் அவர்களிடம் ஒரு கேள்வி கேட்டால், மூத்தவரிடம் கேட்டுச் சொல்கிறேன் என்பார்கள், அந்தப் பதில் வருவதற்கு நாட்கள் எடுக்கும். மாலை ஐந்து மணிக்குப் பின் அலுவலகத் தொலைபேசி ஓய்ந்துவிடுகிறது. வெளிநாட்டிலிருந்து நேர வித்தியாசத்துடன் அழைப்பவர்களுக்கு இது பெரும் சிரமம். வைபரில் குரல் பதிவு அனுப்பிவிட்டுக் காத்திருக்கவேண்டியதுதான்.

சமரசத்தில் இவர்களுக்கு அவ்வளவு நாட்டம் இல்லை என்றும் எனக்குப் பட்டது. கணவரின் பக்கத்திலிருந்து தாபரிப்புத் தொகை பற்றி ஒரு பேச்சு வந்தபோது, மன்றில் வைத்துப் பேசலாம் என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டார்கள். மன்றில் பதிவாகாத இணக்கப்பாட்டுக்குப் பெறுமதி இல்லை என்பது அவர்களின் நியாயம். அது சரியாகவும் இருக்கலாம். ஆனால் ஒரு தொலைபேசி அழைப்பில் குறைந்திருக்கக்கூடிய கசப்பு இன்னும் இரண்டு தவணைக்கு நீண்டது.

யாருக்கு இந்த அலுவலகத்தைச் சொல்லலாம்? வழக்கு ஏற்கெனவே தள்ளுபடியாகி, என்ன செய்வதென்று தெரியாமல் இருப்பவருக்கு, தயங்காமல் சொல்வேன். தள்ளுபடிக் கட்டளையின் திகதியையும் பழைய புறொக்சி யாருடைய பெயரில் இருக்கிறது என்பதையும் தெரிந்துகொண்டு போனால் முதற் சந்திப்பிலேயே வேலை தொடங்கிவிடும். வேலை நிமித்தம் அடிக்கடி இடம் மாறுபவர்களுக்கும், வயதான பெற்றோர் மூலம் வழக்கு நடத்தும் வெளிநாட்டுப் பிள்ளைகளுக்கும் அந்தச் சிவப்பு மைக் கொப்பி உண்மையான பாதுகாப்பு. தொலைபேசி இலக்கத்தை மாற்றினால் அன்றைக்கே அவர்களுக்குச் சொல்லவேண்டும். அவர்களின் முறை முழுவதும் அந்த இலக்கத்தில்தான் தங்கியிருக்கிறது. பேச்சுவார்த்தையால் அமைதியாக முடித்துக்கொள்ள விரும்புபவர்கள் வேறிடம் பார்க்கலாம்.

போவதானால் நீதிமன்ற நாட்களில் பிற்பகல் இரண்டரை மணிக்குப் பின் போவது நல்லது; அதற்கு முன் எழுதுவினைஞரைத் தவிர எவரும் இருக்கமாட்டார்கள். நல்லூர்த் திருவிழாக் காலத்தில் வீதிகள் மறிக்கப்பட்டிருக்கும், சுற்றிப் போக நேரம் எடுக்கும். மாடிப்படி செங்குத்தானது, கைபிடி ஒரு பக்கம்தான். எங்கள் அம்மா இரண்டாம் முறை ஏற மறுத்துவிட்டார். படியேற முடியாதவர்கள் கீழே நின்று அழைத்தால், எழுதுவினைஞர் பத்திரங்களோடு தாமே இறங்கி வந்து கையொப்பம் வாங்கிப்போகிறார்.